தைரியம் என்று மட்டும் சொல்லாதீர்கள், முசியே ஸாபோ!

பெரிய கலைஞன் என்றால் அவனுக்குத் தனிச் சட்டம் உண்டு என்று நம்மில் பலர் நினைக்கிறோம். வாய்விட்டுச் சொல்ல மாட்டோம். ஆனால் நடந்துகொள்வதெல்லாம் அப்படித்தான். ஹங்கேரி நாட்டு சினிமா இயக்குநர் இஸ்த்வான் ஸாபோவைப் பற்றிப் பேச்சு வரும்போதெல்லாம் இது எனக்கு உறுதியாகிறது.

போன மாதம் சினிமா தெரிந்த இரண்டு நண்பர்களோடு பேசிக்கொண்டிருந்தபோது இதே விஷயம் வாக்குவாதமாகிவிட்டது. "ஐயா, 'மெஃபிஸ்டோ' எடுத்த மனுஷனைப் போய் குமாஸ்தா கண்ணால் பார்க்கிறீர்களே!" என்றார் ஒருவர். ஆமாம், குமாஸ்தா கண்ணால்தான் பார்க்கிறேன். முப்பத்தைந்து வருஷம் அரசாங்க ஃபைல்களோடு குடித்தனம் நடத்தியவனுக்கு வேறு கண் ஏது? இந்த விவகாரத்துக்கு அந்தக் கண்தான் பொருத்தம் என்பது என் கட்சி. ஏனென்றால் இது ஒரு ஃபைலைப் பற்றிய கதை.

யார் இந்த ஸாபோ என்று கேட்பவர்களுக்கு முதலில் அவர் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

1938 பிப்ரவரியில் புதாபெஸ்டில் பிறந்தவர். வைத்தியர்கள் நிறைந்த குடும்பம். பூர்வீகம் யூதர்கள், கத்தோலிக்க மதத்துக்கு மாறியவர்கள். ஆனால் நாஜிகளுக்கு மதம் மாறியதெல்லாம் கணக்கில்லை. 1944-இல் குடும்பம் ஒளிந்து பிழைக்க வேண்டியிருந்தது. யுத்தம் முடிந்த கையோடு, 1945-இல், தொண்டை அடைப்பான் நோயில் தகப்பனார் இறந்துபோனார். பிள்ளைக்கு ஏழு வயது. இந்த இழப்பைத்தான் 1966-இல் 'அப்பா' என்ற படமாக எடுத்தார். செத்துப்போன அப்பாவைப் பெரிய வீரராகக் கற்பனை செய்துகொண்டு வளரும் ஒரு பையன், வாலிபனானதும் அந்தக் கற்பனையைத் தானே பிரித்துப் பார்க்கும் கதை. மாஸ்கோ திரைப்பட விழாவில் 1967-இல் பெரிய பரிசு கிடைத்தது.

அதற்கு முன்னால் எடுத்த முதல் முழுநீளப் படத்தில் ட்ரூஃபோவின் சாயலைப் பார்க்கலாம். பிரெஞ்சுப் படங்களைப் பார்த்து வளர்ந்த எனக்கு அது உடனே பிடித்துப் போயிற்று. பிறகு 1973-இல் 'தூஸோல்த்தோ தெரு 25'. இடிக்கப்படப் போகும் ஒரு பழைய வீட்டில் குடியிருப்பவர்கள் ஓர் இரவில் காணும் கனவுகள். 1980-இல் 'நம்பிக்கை'. 1944-இல் பொய்ப் பெயரில் கணவன் மனைவி போல ஒளிந்து வாழும் இருவர் ஒருவரையொருவர் நம்பலாமா கூடாதா என்று தவிப்பது. இதற்கு பெர்லினில் சிறந்த இயக்குநருக்கான வெள்ளிக் கரடி.

அடுத்து 1981-இல் 'மெஃபிஸ்டோ'. கிளவுஸ் மான் 1936-இல் நாடு கடந்து வாழ்ந்தபோது எழுதிய நாவல். தன் சகோதரியை ஒரு காலத்தில் மணந்திருந்த நடிகர் குஸ்தாஃப் க்ருண்ட்கென்ஸை மனத்தில் வைத்து எழுதியது. ஹென்ட்ரிக் ஹோஃப்கென் என்ற நடிகன் நாஜிகளோடு ஒத்துப்போய், படிப்படியாக ஏறி, கடைசியில் அரசாங்க நாடக அரங்கின் தலைவன் ஆகிறான். கிளவுஸ் மரியா ப்ராண்டவர் அந்த வேஷத்தில் நடித்ததைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். சிறந்த வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஆஸ்கர் கிடைத்தது. அந்தப் பிரிவில் ஹங்கேரிக்கு அதுவே முதல் தடவை. 1985-இல் 'கர்னல் ரெட்ல்'. ஆஸ்திரிய-ஹங்கேரிய சாம்ராஜ்யத்தின் ஒற்றர் படையில் உயர்ந்து, தானே ஒற்றனாகி, 1913-இல் தற்கொலைக்குத் தள்ளப்பட்ட ஓர் அதிகாரியின் கதை. 1999-இல் 'சன்ஷைன்'. 2001-இல் 'டேக்கிங் சைட்ஸ்'. ஹிட்லர் காலத்தில் ஜெர்மனியை விட்டுப் போகாமல் இசை நடத்திக்கொண்டிருந்த ஃபுர்ட்வெங்லரை யுத்தத்துக்குப் பிறகு ஓர் அமெரிக்க மேஜர் விசாரிப்பது.

ஒத்துப்போவது, ஒளிந்துகொள்வது, காட்டிக் கொடுப்பது, பிறகு காரணம் சொல்வது. ஐம்பது வருஷமாக அந்த மனிதர் இதைத்தான் படமாக எடுத்திருக்கிறார். நன்றாகவே எடுத்திருக்கிறார். அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை.

இப்போது ஃபைலுக்கு வருகிறேன்.

2006 ஜனவரியில் புதாபெஸ்டின் இலக்கிய வார இதழ் ஒன்றில் ஆண்ட்ராஷ் கெர்வாய் என்ற பத்திரிகையாளர் ஒரு கட்டுரை எழுதினார். 1957 முதல் 1961 வரை ஸாபோ அரசியல் போலீசுக்குத் தகவல் சொல்பவராக இருந்தார் என்பது செய்தி. 48 அறிக்கைகள். அவற்றில் 72 பேரைப் பற்றிய தகவல்கள். பெரும்பாலோர் சினிமா அகாதெமியில் அவரோடு படித்தவர்கள், அவருக்குப் பாடம் சொன்னவர்கள்.

காலத்தை நினைத்துப் பாருங்கள். 1956 அக்டோபரில் ஹங்கேரியில் புரட்சி. நவம்பர் 4-ஆம் தேதி சோவியத் டாங்கிகள் தலைநகருக்குள் வந்தன. ஏறக்குறைய இரண்டு லட்சம் பேர் எல்லை தாண்டி ஓடினார்கள். இருநூறுக்கு மேற்பட்டோர் தூக்கிலிடப்பட்டார்கள். பிரதமராக இருந்த இம்ரே நாஜையே 1958 ஜூனில் தூக்கில் போட்டார்கள். அந்த நேரத்தில் போலீஸ் ஒரு பத்தொன்பது வயது மாணவனைப் பிடித்து, "எங்களுக்கு வேலை செய்கிறாயா?" என்று கேட்டால் அவன் என்ன செய்வான்?

பயந்து போவான். சரி என்பான். நானாக இருந்தாலும் நீங்களாக இருந்தாலும் என்ன செய்திருப்போம் என்று யாரும் மார்தட்டிச் சொல்ல முடியாது. ஆகவே அந்தப் பையன் மீது எனக்கு ஒரு வழக்கும் கிடையாது. இதை முதலிலேயே எழுதி வைத்துவிடுகிறேன். பிறகு யாரும் என்னைக் கல்நெஞ்சன் என்று சொல்ல வேண்டாம்.

என் வழக்கு 68 வயதுக்காரர் மீது. அவர் சார்பில் வாதாடும் நம் ஆட்கள் மீது.

கட்டுரை வெளிவந்ததும் ஸாபோ சொன்ன முதல் பதில் என்ன தெரியுமா? அது துணிச்சலான செயல் என்றார். 1956-இல் சம்பந்தப்பட்டிருந்த தன் வகுப்புத் தோழர் பால் காபோரைத் தூக்குக் கயிற்றிலிருந்து காப்பாற்றுவதற்காகவே அப்படிச் செய்ததாகச் சொன்னார். அந்தக் கதை நிற்கவில்லை. பிறகு, அகாதெமியிலிருந்து தன்னை நீக்கிவிடக் கூடாது என்பதுதான் உண்மையான காரணம் என்று அவரே ஒப்புக்கொள்ள வேண்டி வந்தது.

இந்த பால் காபோரும் ஒரு சினிமா இயக்குநர்தான். 1978-இல் 'ஆங்கி வேரா' என்ற படத்தை எடுத்தவர். 1948-இல் கட்சிப் பள்ளிக்கு அனுப்பப்படும் ஓர் இளம் நர்ஸ், அங்கே தன் ஆசிரியரைக் காதலிக்கிறாள். சுயவிமர்சனக் கூட்டத்தில் எல்லோர் முன்னிலையிலும் எழுந்து அந்தக் காதலைச் சொல்லிவிடுகிறாள். அவர் வாழ்க்கை கெடுகிறது. அவளுக்கு முன்னேற வழி திறக்கிறது. காட்டிக் கொடுப்பவர்கள் எப்படி உருவாகிறார்கள் என்பதை அவ்வளவு அமைதியாகச் சொன்ன படம் வேறு இருக்குமா தெரியவில்லை. காபோர் 1987-இல் காலமாகிவிட்டார். 2006-இல் அவர் பெயரைச் சாட்சியாக இழுத்தபோது, 'ஆமாம்' என்றோ 'இல்லை' என்றோ சொல்ல அவர் உயிரோடு இல்லை.

என் எரிச்சலுக்குக் காரணம் இந்த இடம்தான். பயத்தில் செய்தது ஒன்று. ஐம்பது வருஷம் கழித்து, ஆஸ்கரும் பெயரும் வந்த பிறகு, எந்தப் போலீசும் கதவைத் தட்டாத காலத்தில், இறந்துபோன நண்பன் பெயரைச் சொல்லித் தனக்குத் தானே பதக்கம் குத்திக்கொள்வது வேறொன்று. முதலாவதற்கு மன்னிப்பு வேண்டியதே இல்லை என்றுகூடச் சொல்வேன். இரண்டாவதற்கு எந்தப் போலீசைக் காரணம் காட்டுவீர்கள்?

வக்காலத்து வாங்குபவர்களின் வாதங்களை ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

முதல் வாதம்: "பெரிய பாதிப்பு ஒன்றும் இல்லையே!" வரலாற்றாசிரியர் இஸ்த்வான் தெயாக் அந்த அறிக்கைகளைப் பற்றி எழுதும்போது, குறிப்பிடும்படியான கெடுதல் ஒரே ஒருவருக்குத்தான் நேர்ந்தது, அவருக்கு பாஸ்போர்ட் மறுக்கப்பட்டது என்றார். அவர் வரலாற்றாசிரியர், கணக்குப் பார்த்துச் சொன்னார். அதை எடுத்துக்கொண்டு நம் நண்பர்கள், "ஒரு பாஸ்போர்ட்தானே" என்கிறார்கள்.

புதுச்சேரிக்காரனிடம் வந்து 'ஒரு பாஸ்போர்ட்தானே' என்று சொல்லாதீர்கள். 1962 ஆகஸ்டில் ஒப்பந்தம் அமலுக்கு வந்தபோது, ஆறு மாதத்துக்குள் எந்த நாட்டுக் குடியுரிமை என்று தீர்மானிக்க வேண்டியிருந்த ஊர் இது. ஒரே வீட்டில் அண்ணன் பிரெஞ்சுக்காரர், தம்பி இந்தியர் என்று ஆன குடும்பங்கள் இங்கே இன்றும் இருக்கின்றன. ஒரு காகிதம் ஒரு மனிதனின் மிச்ச வாழ்க்கையை எந்தப் பக்கம் திருப்பும் என்று எங்களுக்குத் தெரியும். எல்லை தாண்ட முடியாத ஒரு நாட்டில் பாஸ்போர்ட் கிடைக்காதவனுக்கு, அது அவன் ஆயுளின் பெரிய சம்பவம். எழுதிக் கொடுத்தவருக்கு அது 48-இல் ஒன்று.

இன்னொன்றும் சொல்வேன். எழுதுகிறவருக்கு எழுதும்போது விளைவு தெரியாது. ஆபீசில் மொட்டைக் கடிதாசி வந்து விழுவதை நான் எத்தனையோ பார்த்திருக்கிறேன். பெரும்பாலும் குப்பை. ஒன்றும் நடக்காது. ஆனால் அது ஃபைலில் ஏறிவிடும். பத்து வருஷம் கழித்து பதவி உயர்வுக்கு ஃபைல் மேலே போகும்போது, யாரோ ஓர் அதிகாரி பின்பக்கம் புரட்டுவார். 'இதென்ன?' என்பார். அவ்வளவுதான். சம்பந்தப்பட்டவருக்குக் கடைசிவரை காரணம் தெரியாது. தன் ராசி சரியில்லை என்று நினைத்துக்கொண்டு ஓய்வு பெறுவார். அதனால் 'பாதிப்பு இல்லை' என்று யாராவது சொன்னால், பாதிப்பு ஃபைலில் எழுதப்படவில்லை என்று மட்டும் நான் புரிந்துகொள்வேன்.

இரண்டாவது வாதம்: "பாதிக்கப்பட்டவர்களே மன்னித்துவிட்டார்கள், உமக்கென்ன?" கட்டுரை வந்த பிறகு நூற்றுக்கு மேற்பட்ட பிரமுகர்கள் ஸாபோவை ஆதரித்துக் கடிதம் வெளியிட்டது உண்மை. அவர் அறிக்கைகளில் இடம்பெற்றவர்களில் சிலரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். அந்தச் சிலரின் பெருந்தன்மைக்கு என் வணக்கம். மன்னிக்கும் உரிமை அவர்களுக்கு உண்டு. ஆனால் கையெழுத்துப் போட்ட மற்ற பிரமுகர்களுக்கு அந்த உரிமையை யார் கொடுத்தது? அடுத்தவர் கடனை நான் தள்ளுபடி செய்ய முடியுமா?

ஒரு கேள்வி கேட்கிறேன். அந்த 48 அறிக்கைகளை எழுதியவர் அதே அகாதெமியில் வேலை பார்த்த ஒரு குமாஸ்தா என்று வைத்துக்கொள்வோம். வயது பத்தொன்பது. அவனையும் அதே போலீஸ் அதே அறையில் உட்கார வைத்து மிரட்டியிருக்கிறது. அவனும் தன் வேலை போய்விடக் கூடாது என்று எழுதிக் கொடுத்திருக்கிறான். 2006-இல் அவன் பெயர் வெளியே வந்தால் நூறு பிரமுகர்கள் கடிதம் எழுதியிருப்பார்களா? ஒரு பிரமுகராவது? "சூழ்நிலையின் சிக்கல்" என்று பேசியிருப்பார்களா? 'துரோகி' என்ற ஒரே வார்த்தையோடு முடித்திருப்பார்கள். அவன் பேரப்பிள்ளைகள் பள்ளிக்கூடத்தில் தலைகுனிந்து உட்கார்ந்திருப்பார்கள்.

அந்த வித்தியாசத்துக்குத்தான் நான் சண்டை போடுகிறேன். பயம் இருவருக்கும் ஒன்று. குற்றம் ஒன்று. திறமை மட்டும் வேறு. திறமைக்குப் பரிசு கொடுங்கள், மாலை போடுங்கள். விதிவிலக்கு கொடுக்காதீர்கள்.

மூன்றாவது வாதம்தான் படித்தவர்களுக்கு ரொம்பப் பிடித்தது: "அவர் படங்களே பாவசங்கீர்த்தனம்தானே! மெஃபிஸ்டோவும் ரெட்லும் அவர் தன்னைப் பற்றி எடுத்ததுதானே!" கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் பாவசங்கீர்த்தனத்தில், 'யாரோ ஒருவன் இப்படிச் செய்தான்' என்று சொன்னால் எந்தச் சாமியாரும் மன்னிப்பு வழங்க மாட்டார். 'நான் செய்தேன்' என்று சொல்ல வேண்டும். ஹோஃப்கென் ஜெர்மானியன். ரெட்ல் சாம்ராஜ்யத்து அதிகாரி. ஃபுர்ட்வெங்லர் ஜெர்மானியர். எல்லாம் அடுத்தவன் ஊர், அடுத்தவன் காலம். 1957-இல் புதாபெஸ்டில் ஒரு சினிமா மாணவன் அறிக்கை எழுதும் படம் எங்கே?

அதைவிட முக்கியமாக ஒன்று. அந்தப் படங்கள் ஸாபோவுக்கு ஆதரவாகச் சாட்சி சொல்லவில்லை, எதிராகச் சொல்கின்றன. ஹோஃப்கென் தன் செல்வாக்கை வைத்துக் கைதான பழைய தோழனுக்காகச் சிபாரிசுக்குப் போகிறான். ஃபுர்ட்வெங்லர், யூத இசைக் கலைஞர்களுக்கு உதவினேன் என்கிறார், அது உண்மையும்கூட. அதிகாரத்தோடு ஒட்டிக்கொண்டவன் கடைசியில் எடுத்து நீட்டும் சீட்டு எப்போதும் இதுதான்: 'நான் சிலரைக் காப்பாற்றினேன்.' அந்தச் சீட்டு எவ்வளவு செல்லும், எங்கே செல்லாது என்பதைத் திரையில் இவ்வளவு நுணுக்கமாகக் காட்டியவர் ஸாபோதான். 'டேக்கிங் சைட்ஸ்' படத்தின் முடிவில் ஒரு பழைய ஆவணக் காட்சி வரும். கோயபெல்ஸ் மேடையருகே வந்து ஃபுர்ட்வெங்லரின் கையைக் குலுக்குகிறார். பிறகு ஃபுர்ட்வெங்லர் கைக்குட்டையால் அந்தக் கையைத் துடைக்கிறார். ஸாபோ அதைத் திரும்பவும் காட்டுகிறார், நன்றாகப் பார் என்று நமக்குச் சொல்வது போல. துடைத்தால் போய்விடுமா என்று கேட்டவர் அவர். ஐந்து வருஷம் கழித்துத் தன் முறை வந்தபோது அவர் எடுத்ததும் அதே கைக்குட்டைதான்.

சரி, வேறு என்னதான் செய்திருக்க முடியும் என்று கேட்பீர்கள். அதே நாட்டில், அதே காலத்தில் பதில் இருக்கிறது. எழுத்தாளர் பீட்டர் எஸ்டெர்ஹாஸி 2000-இல் தன் தகப்பனாரின் வம்சத்தைப் பற்றி ஒரு பெரிய நாவல் வெளியிட்டார். ஊரே கொண்டாடியது. அந்தச் சமயத்தில்தான் தகப்பனார் போலீசுக்குத் தகவல் சொன்னவர் என்பது அவருக்கே ஃபைல்களிலிருந்து தெரிந்தது. அவர் மூடி மறைக்கவில்லை. உட்கார்ந்து அந்த ஃபைல்களைக் கையால் பிரதி எடுத்து, எந்த இடத்தில் அழுகை வந்தது என்பது உட்பட எழுதி, 2002-இல் 'திருத்திய பதிப்பு' என்ற பெயரில் இன்னொரு புத்தகமாகப் போட்டார். அப்பாவைத் தியாகி ஆக்கவில்லை, அரக்கனாகவும் ஆக்கவில்லை. அறிக்கையில் இன்ன தேதியில் இன்னாரைப் பற்றி இப்படி எழுதியிருக்கிறது என்றார். அவ்வளவுதான். அவர் செய்யாத குற்றத்துக்கு அவர் அதைச் செய்தார்.

பிரெஞ்சு வழியில் படித்தபோது எங்கள் வாத்தியார் இரண்டு சொற்களுக்கு வித்தியாசம் சொல்லிக் கொடுத்தார். 'தெனோன்சியாசியோன்' என்றால் குற்றத்தைப் பார்த்தவன் உரிய இடத்தில் தெரிவிப்பது. அது சில நேரம் கடமை. 'தெலாசியோன்' என்றால் தன் லாபத்துக்காகவோ பகைக்காகவோ இன்னொருவனைப் பற்றிப் போய்ச் சொல்வது. அது எப்போதும் இழிவு. தமிழில் நமக்கும் இந்த வித்தியாசம் தெரியும். முன்னது புகார், பின்னது போட்டுக் கொடுப்பது. பயந்து போட்டுக் கொடுத்தவனை நாம் புரிந்துகொள்ளலாம். ஆனால் போட்டுக் கொடுத்ததற்குத் 'தைரியம்' என்று பெயர் வைத்தால், அன்று மாட்டேன் என்று சொல்லிவிட்டுப் படிப்பை இழந்தவனுக்கு நாம் எந்தச் சொல்லை வைத்திருக்கிறோம்? அவனுக்கான சொல் அது ஒன்றுதான். அதையும் பறித்துக்கொள்வது நியாயமா?

எதிர்ப்பக்கத்தில் நிற்பவர்களுக்கும் ஒரு வார்த்தை. ஸாபோவின் படங்களையே ஒதுக்க வேண்டும் என்பவர்களோடு நான் இல்லை. அது சோம்பேறிகளின் தீர்ப்பு. அந்தப் பையனை நாற்காலியில் உட்கார வைத்த அதிகாரிகளின் பெயர் நமக்குத் தெரிகிறதா? அறிக்கைகளை வாங்கிப் படித்து, அடிக்கோடிட்டு, மேலே அனுப்பியவர்கள்? அவர்கள் ஓய்வூதியம் வாங்கிக்கொண்டு நிம்மதியாகக் காலம் கழித்திருப்பார்கள். ஜெர்மனியில் 1991-இல் சட்டம் போட்டு, கிழக்கு ஜெர்மானியப் போலீஸ் வைத்திருந்த ஃபைலை அவரவரே படிக்க வழி செய்தார்கள். ஹங்கேரியில் அப்படி முழுதாகத் திறக்கவில்லை. அதனால் ஒவ்வொரு பெயராக, பத்திரிகையில், யாருக்கோ வசதியான நேரத்தில் கசிகிறது. பிரபலமானவன் மாட்டிக்கொள்கிறான், இயந்திரத்தை ஓட்டியவன் தப்பிக்கிறான். இதையும் கண்டிக்கிறவர்கள் மட்டும் ஸாபோவைக் கண்டிக்கட்டும்.

ஆகவே நண்பர்களே, 'மெஃபிஸ்டோ'வைப் பாருங்கள். 'அப்பா'வையும் 'நம்பிக்கை'யையும் பாருங்கள். கிடைத்தால் காபோரின் 'ஆங்கி வேரா'வையும் கட்டாயம் தேடிப் பாருங்கள். அவருக்கு அந்த மரியாதை பாக்கி இருக்கிறது. ஸாபோவின் வாழ்க்கைக் குறிப்பை யாராவது எழுதினால், ஆஸ்கரைப் பற்றி ஒரு வரி எழுதும் அதே பக்கத்தில், 48 அறிக்கைகள், 72 பேர் என்பதையும் ஒரு வரியாக எழுதட்டும். கூட்டியும் வேண்டாம், குறைத்தும் வேண்டாம். பயந்தார், எழுதிக் கொடுத்தார் என்று இருக்கட்டும். அது மனிதர்கள் செய்வது.

தைரியம் என்ற சொல்லை மட்டும் அந்த ஃபைலிலிருந்து எடுத்துவிடுங்கள். என் மேஜைக்கு வந்திருந்தால், திருத்தத்துக்கு என்று எழுதித் திருப்பி அனுப்பியிருப்பேன்.